வரலாற்று ஆவணப்பட இயக்குநரின் தொழில் வாழ்க்கை எப்படி இருக்கும்?

வரலாற்றில் முதுகலைப் பட்டம் பெற்ற ஒருவர், ஆவணப்படங்களின் வழியாக வரலாறு சொல்வதையே தம் தொழிலாகக் கொள்ள விரும்புவதாகவும், அதற்காகத் திரைப்படக் கல்லூரியில் சேர வேண்டுமா, இதை நம்பிப் பிழைக்க முடியுமா, ஒரு படத்துக்கு எவ்வளவு காலம் பிடிக்கும் என்றும் கேட்டிருக்கிறார். சுருக்கமாகச் சொன்னால், கல்லூரி கட்டாயமில்லை; தொடக்க ஆண்டுகளில் வேறு வருமானம் இல்லாமல் பிழைப்பது அரிது; முழுநீளப் படம் ஒன்று சில ஆண்டுகளைக் கட்டாயம் எடுத்துக்கொள்ளும். இவற்றுக்கு அடியில் இன்னொரு செய்தி இருக்கிறது. இத்துறைக்கு வருபவர்களில் பெரும்பாலோர் படப்பிடிப்பைப் பற்றியே கனவு காண்கிறார்கள். நடைமுறையில் ஓர் இயக்குநரின் வாழ்க்கைப் போக்கைத் தீர்மானிப்பவை, மூலப்பொருள் யார் கையில் இருக்கிறது என்பதும், அதைப் பயன்படுத்தும் உரிமை எத்தனை ஆண்டுகளுக்குக் கிடைக்கிறது என்பதும், அதுவரை காத்திருப்பதற்கான பணத்தை யார் தருகிறார்கள் என்பதும்தான்.

தமிழ் வாசகர்களுக்கு இதை விளக்க ஏ. கே. செட்டியாரைவிடப் பொருத்தமான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை. டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் நிழற்படக்கலை பயின்ற அவர், 1937 அக்டோபரில் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் சென்றபோது, காந்தியைப் பற்றி ஓர் ஆவணப்படம் உருவாக்க வேண்டும் என்று எண்ணினார். அப்போது அவருக்கு வயது 25. காந்தியைப் புதிதாகப் படம்பிடிப்பதைவிட, முப்பது ஆண்டுகளாகப் பல நாடுகளின் ஒளிப்பதிவாளர்கள் ஏற்கெனவே பிடித்து வைத்திருந்த காட்சிகளைத் தேடித் திரட்டுவதே அவர் மேற்கொண்ட பெரும்பணியாக இருந்தது. சுமார் நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்த 50,000 அடிப் படச்சுருளை அவர் சேகரித்ததாகவும், அதிலிருந்து 12,000 அடியில் அமைந்த படம் 1940 ஆகஸ்டில் தமிழ் வர்ணனையுடன் வெளியானதாகவும் பதிவுகள் கூறுகின்றன. 35 மில்லிமீட்டர் படச்சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும் என்பதால், ஒன்பது மணி நேரத்துக்கு மேற்பட்ட காட்சிகளிலிருந்து இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான படம் பிறந்தது என்று கணக்கிடலாம். அலைபேசிக் கேமராவிலேயே ஒன்பது மணி நேரத்தைப் பதிவு செய்துவிடக்கூடிய இக்காலத்தில் இது பெரிதாகத் தோன்றாமல் போகலாம். ஆனால் ஒவ்வோர் அடியையும் கடிதம் எழுதி, கப்பல் ஏறி, நேரில் கேட்டு வாங்க வேண்டியிருந்த காலம் அது. பிற்காலத்தில் அத்தமிழ்ப் படத்தின் பிரதியே கிடைக்காமல் போய், ஆய்வாளர்களின் தேடலில் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றிலிருந்து 1953ஆம் ஆண்டின் ஆங்கில வடிவம்தான் அகப்பட்டது. செட்டியார் அதற்குப் பின் ஆவணப்பட இயக்குநராகத் தொடரவில்லை. 1943 முதல் 1983இல் மறையும்வரை ‘குமரி மலர்’ இதழை நடத்தி, பழைய எழுத்துகளையும் ஆவணங்களையும் மறுபதிப்புச் செய்துகொண்டிருந்தார். அதுவும் அதே வேலையின் தொடர்ச்சியாகவே எனக்குத் தோன்றுகிறது.

இத்துறைக்குள் நுழைய மிகவும் நம்பகமான வாயில் படத்தொகுப்பு அறை. சோவியத் ஒன்றியத்தின் எஸ்ஃபிர் ஷூப், வெளிநாட்டுப் படங்களை வெட்டி ஒட்டும் தொகுப்பாளராக வேலை பார்த்துவிட்டு, ரஷ்யாவை ஆண்ட ரொமானோவ் அரச வம்சத்தின் வீழ்ச்சியைப் பற்றிய படத்தை 1927இல் உருவாக்கினார். அதற்காக அவர் பார்த்த பழைய செய்திப்படங்களும் அரச குடும்பத்தின் சொந்தப் படங்களும் ஏறத்தாழ 60,000 மீட்டர் நீளம் கொண்டவை. ஜார் மன்னரைப் புகழ்வதற்காக எடுக்கப்பட்ட காட்சிகளை, அவற்றின் வரிசையையும், காட்சிகளுக்கிடையே எழுத்தில் தோன்றும் இடைத்தலைப்புகளையும் மாற்றியே மன்னராட்சிக்கு எதிரான சாட்சியமாக ஆக்கினார். இதில் ஒரு பாடமும் ஓர் எச்சரிக்கையும் சேர்ந்தே இருக்கின்றன. ஒரு காட்சி தானாக எதையும் நிரூபிப்பதில்லை என்பதையும், அதற்கு முன்னும் பின்னும் எது வைக்கப்படுகிறது என்பதே அதன் பொருளை ஆக்குகிறது என்பதையும் தொகுப்பறையில் உட்கார்ந்து உணர்ந்தவர்தான், பிறர் தொகுத்து வைத்த பழைய செய்திப்படங்களை ஐயத்தோடு பார்க்கக் கற்றுக்கொள்கிறார்.

அந்த ஐயத்தை ஒரு பழக்கமாகவே ஆக்கிக்கொள்ள வேண்டும். முதல் உலகப் போரின் சோம் சண்டையைப் பற்றி 1916இல் வெளியான பிரிட்டிஷ் படத்தில், வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாய்வதாகக் காட்டப்படும் புகழ்பெற்ற காட்சி, போர்முனைக்குப் பின்னாலிருந்த ஒரு பயிற்சிப் பள்ளியில் நடித்து எடுக்கப்பட்டது. அதே படத்தின் மற்றப் பெரும்பகுதி உண்மையானது. 1917ஆம் ஆண்டு ரஷ்யப் புரட்சியில் குளிர்கால அரண்மனை கைப்பற்றப்பட்ட நிகழ்வின் காட்சி என்று எத்தனையோ ஆவணப்படங்களில் ஓடும் துணுக்கு, சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் அப்புரட்சியின் பத்தாண்டு நினைவுக்காக இயக்கிய கதைப்படத்திலிருந்து எடுக்கப்பட்டது. காப்பகத்தின் அட்டவணையில் ஆண்டும் இடமும் எழுதப்பட்டிருக்கிறது என்பதற்காக அவற்றை நம்பிவிடக் கூடாது. சீருடையின் பொத்தான், தெருப்பெயர்ப் பலகை, நிழல் விழும் திசை, மரங்களில் இலை இருக்கிறதா என்பது போன்றவற்றைக் கொண்டு காட்சியின் காலத்தைச் சோதிப்பதும், அதே காட்சி வேறு காப்பகத்தில் வேறு பெயரில் இருக்கிறதா என்று ஒப்பிடுவதும் ஆய்வாளரின் அன்றாட வேலை. வரலாற்று மாணவருக்கு ஏட்டுச் சான்றுகளில் ஏற்கெனவே உள்ள இந்தப் பயிற்சியே அவருடைய உண்மையான முதலீடு. திரைப்படக் கல்லூரியில் இரண்டு ஆண்டு படித்தவருக்கும் இது பெரும்பாலும் இருப்பதில்லை.

பழைய காட்சியை எந்த அளவுக்குத் திருத்தலாம் என்ற கேள்வியும் இதோடு சேர்ந்தது. ஒலியில்லாக் காலத்துக் கேமராக்கள் கையால் சுழற்றப்பட்டவை. நொடிக்குப் பத்து முதல் பதினெட்டுச் சட்டங்கள் (படச்சுருளில் உள்ள தனித்தனி அசையாப் படங்கள்) வரை மாறி மாறிப் பதிவானவற்றை இருபத்து நான்கு சட்டங்களில் ஓட்டும்போதுதான் மனிதர்கள் பொம்மைகளைப் போலத் துள்ளி நடக்கிறார்கள். திரைப்பட இயக்குநர் பீட்டர் ஜாக்சன் 2018இல், லண்டனின் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்திலிருந்த சுமார் நூறு மணி நேரக் காட்சிகளிலிருந்து முதல் உலகப் போரைப் பற்றிய படம் ஒன்றை உருவாக்கியபோது, வேகத்தைச் சீர்செய்து, வண்ணமூட்டி, உதட்டசைவை வாசிக்கத் தெரிந்தவர்களைக் கொண்டு பேச்சையும் சேர்த்தார். அதைக் கண்டு நெகிழ்ந்தவர்களும் உண்டு, மூலச்சான்றின் மீது புதுக் கற்பனையைப் பூசிவிட்டதாகச் சினந்த வரலாற்றாசிரியர்களும் உண்டு. வேகத்தைச் சீர்செய்வது ஒரு பழுதை நீக்குவது என்றும், வண்ணமும் ஒலியும் சேர்ப்பது ஒரு விளக்கத்தைச் சேர்ப்பது என்றும், பின்னதைச் செய்தால் பார்வையாளருக்கு அதைத் தெரிவித்துவிட வேண்டும் என்றும் நான் கருதுகிறேன்.

காட்சிகளே இல்லாத வரலாற்றுக்கு என்ன செய்வது என்ற கேள்விக்கு இருவர் எதிரெதிரான விடைகளைத் தந்திருக்கிறார்கள். அமெரிக்க உள்நாட்டுப் போரின் காலத்தில் நிழற்படம் எடுக்கப் பல நொடிகள் பிடித்ததால், போருக்குப் பிந்தைய பிணங்களும் பாழடைந்த வெளிகளும் தவிர, சண்டையின் அசைவு எந்தப் படத்திலும் பதிவாகவில்லை. அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் கென் பர்ன்ஸ், அப்போரைப் பற்றிய தம் 1990ஆம் ஆண்டுத் தொடரில் அசையாப் படங்களின் மீது கேமராவை மெல்ல நகர்த்தி, போர்வீரர்களின் கடிதங்களை நடிகர்களின் குரலில் வாசிக்கச் செய்து, துப்பாக்கி ஒலியையும் குளம்பொலியையும் அடியில் சேர்த்து அந்த இடைவெளியை நிரப்பினார். பின்னாளில் ஆப்பிள் நிறுவனம் தன் படத்தொகுப்பு மென்பொருளில் அந்த நகர்வுக்கு அவர் பெயரையே வைத்தது. ஆயினும் கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் 1957இலேயே டாசன் நகரத்தின் பழைய படங்களைக் கொண்டு அதைச் செய்து காட்டியிருந்தது.

பிரெஞ்சு இயக்குநர் கிளாட் லான்ஸ்மன் முற்றிலும் வேறு வழியில் சென்றார். யூத இனப்படுகொலையைப் பற்றிய அவருடைய ‘ஷோவா’ 1985இல் வெளிவந்தது. ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும் அப்படத்தில் பழைய காட்சி ஒன்றுகூட இல்லை. உயிர்தப்பியவர்கள், அருகில் வாழ்ந்தவர்கள், குற்றம் புரிந்தவர்கள் ஆகியோரின் பேச்சும், கொலைகள் நடந்த இடங்களின் பிற்காலத் தோற்றமும் மட்டுமே படம். குற்றவாளிகளில் சிலரை மறைகேமராவில் பதிவு செய்தார். அம்முயற்சி ஒன்றில் பிடிபட்டு அடிபடவும் செய்தார். அவ்வேலை பதினொரு ஆண்டுகள் நீடித்தது. வாழ்க்கைத் தொழில் என்ற கோணத்தில் பார்த்தால், அதற்குப் பின் நடந்ததே எனக்குக் கவனிக்கத்தக்கதாகப் படுகிறது. படத்தில் இடம்பெறாத இருநூறு மணி நேரத்துக்கும் மேற்பட்ட பதிவுகளை வாஷிங்டனிலுள்ள இனப்படுகொலை நினைவு அருங்காட்சியகம் வாங்கிப் பாதுகாத்தது. சோபிபோர் என்ற நாஜி மரண முகாமில் நடந்த கிளர்ச்சியைப் பற்றி 2001இலும், தெரேசியன்ஷ்டாட் முகாமில் யூதர் மன்றத் தலைவராக இருந்த பெஞ்சமின் முர்மெல்ஸ்டைனைப் பற்றி 2013இலும் அவர் வெளியிட்ட படங்கள் உட்படப் பிற்காலப் படைப்புகள் பலவும் அந்த எஞ்சிய பதிவுகளிலிருந்தே பிறந்தன. இந்தத் துறையில் ஒருவர் சேர்த்து வைக்கும் சொத்து என்று ஏதேனும் இருந்தால் அது பயன்படுத்தாத பதிவுகள்தாம். இடம் போதவில்லை என்று அவற்றை அழித்துவிடுபவர்களைப் பார்க்கும்போது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

சாட்சிகளைத் தேர்ந்தெடுப்பதைப் பற்றியும் ஒரு சொல். தேம்ஸ் தொலைக்காட்சிக்காக ஜெரமி ஐசக்ஸ் தயாரித்து 1973–74இல் ஒளிபரப்பான இருபத்தாறு பகுதிகள் கொண்ட இரண்டாம் உலகப் போர்த் தொடர், பெரிய தலைவர்களைவிட அவர்களுக்கு அருகில் இருந்த செயலர்களையும் உதவியாளர்களையும், போரை அனுபவித்த சாதாரண மக்களையும் நாடியது. தலைவர்கள் தம் கதையைப் பலமுறை சொல்லிச் சொல்லி மெருகேற்றி வைத்திருப்பார்கள். அருகில் நின்றவர்களோ பெரும்பாலும் முதன்முறையாகப் பேசுகிறார்கள். முதியவர்களின் நேர்காணலைத் தள்ளிப்போடக் கூடாது என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். நிதி கிடைக்கும்வரை காத்திருக்காமல், நல்ல ஒலிப்பதிவுக் கருவி ஒன்றோடு தனியாகவேனும் சென்று பதிவு செய்துவிடுவதே முறை.

இனி உரிமம். புதிதாக வருபவர்கள் இதை வழக்கறிஞர் பார்த்துக்கொள்ள வேண்டிய கடைசி வேலை என்று எண்ணுகிறார்கள். ஹென்றி ஹாம்ப்டனின் அனுபவம் அவர்கள் எண்ணத்தை மாற்றப் போதுமானது. 1968இல் பிளாக்சைடு என்ற நிறுவனத்தைத் தொடங்கிய அவர், அமெரிக்கக் கறுப்பின மக்களின் குடிமை உரிமைப் போராட்டத்தைப் பற்றிய ‘ஐஸ் ஆன் த பிரைஸ்’ தொடரை இரண்டு கட்டங்களாக, 1987இலும் 1990இலும், மொத்தம் பதினான்கு மணி நேரமாகக் கொண்டுவந்தார். தயாரிப்பு தொடங்கும்முன் அறிஞர்களையும் போராட்டத்தில் பங்கேற்றவர்களையும் அழைத்துத் தம் குழுவினர் அனைவருக்கும் பாடம் நடத்தச் செய்த அளவுக்குக் கவனமானவர் அவர். ஆனால் கையிலிருந்த பணத்துக்கு ஏற்ப, காட்சிகளுக்கும் பாடல்களுக்கும் குறுகிய கால உரிமத்தைத்தான் அவரால் வாங்க முடிந்தது. 1990களின் நடுப்பகுதியில் அந்த உரிமங்கள் காலாவதியாகத் தொடங்கின. பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் பாடமாகப் போற்றப்பட்ட தொடரை மீண்டும் ஒளிபரப்பவோ புதிதாக விற்கவோ முடியாமல் போயிற்று. 1998இல் ஹாம்ப்டன் மறைந்தார். ஃபோர்டு அறக்கட்டளை உள்ளிட்டோர் அளித்த பணத்தைக் கொண்டு உரிமங்களைப் புதுப்பித்த பிறகே 2006இல் அத்தொடர் மீண்டும் தொலைக்காட்சிக்கு வந்தது.

உரிமக் கட்டணம் பொதுவாகப் படத்தில் இறுதியாக இடம்பெறும் நொடிகளின் கணக்கில் வசூலிக்கப்படுகிறது. எந்த நாடுகளில், எந்த ஊடகத்தில், எத்தனை ஆண்டுகளுக்கு என்பதைப் பொறுத்து அது பல மடங்கு மாறும். திரைப்பட விழாக்களுக்கு மட்டும் உரிமம் பெறுவது மலிவு. உலகம் முழுவதும், எல்லா ஊடகங்களிலும், நிரந்தரமாக என்று கேட்டால் விலை ஏறிவிடும். ஒரு காப்பகம் படச்சுருளை வைத்திருக்கிறது என்பதால் அதன் பதிப்புரிமையும் அதனிடமே இருக்கிறது என்று கொள்ள முடியாது. பாட்டுக்கோ, இயற்றியவருக்கு ஓர் உரிமையும் ஒலிப்பதிவு செய்தவருக்கு இன்னோர் உரிமையும் உண்டு. எனவே தொகுப்பின் முதல் நாளிலிருந்தே ஒவ்வொரு துணுக்குக்கும் அதன் மூலம், காப்பக எண், உரிமையாளர், பயன்படுத்திய நொடிகள், பேசிய விலை ஆகியவற்றை ஒரு பதிவேட்டில் எழுதிவர வேண்டும். அந்தப் பதிவேடு இல்லாமல் கடைசி வாரத்தில் மூலங்களைத் தேடி அலையும் தொகுப்பறைகளை நான் நிறையக் கண்டிருக்கிறேன். விமர்சனத்துக்கோ விளக்கத்துக்கோ அளவோடு எடுத்தாளும்போது அனுமதி தேவையில்லை என்ற நியாயமான பயன்பாட்டுக் கொள்கையும் உண்டு. அமெரிக்க ஆவணப்பட இயக்குநர்களின் அமைப்புகள் 2005இல் இதற்கான நடைமுறை நெறிகளை வகுத்து வெளியிட்ட பிறகு, பிழைகளுக்கும் விடுபடல்களுக்குமான காப்புறுதி (உரிமை மீறல் போன்ற வழக்குகளால் வரும் இழப்பை ஈடுசெய்வது) தரும் நிறுவனங்களும் அதை ஏற்கத் தொடங்கின. அந்தக் காப்புறுதி இல்லாமல் பெரிய ஒளிபரப்பாளர்கள் படத்தைத் தொடமாட்டார்கள். சட்டம் நாட்டுக்கு நாடு வேறுபடுவதால், ஒரு நாட்டில் நியாயமான பயன்பாடாகக் கருதப்படுவது இன்னொரு நாட்டில் மீறலாகக் கருதப்படலாம்.

பணத்தைப் பற்றிக் கேட்டிருந்ததால் கென் பர்ன்ஸிடம் மீண்டும் வருகிறேன். வெற்றி பெற்றவர்களில் அவர் அளவுக்குத் தொடர்ச்சியாக இயங்கியவர் மிகக் குறைவு. 1975இல் கல்லூரியை முடித்து, மறு ஆண்டே நண்பர்களோடு சிறு நிறுவனம் ஒன்றைத் தொடங்கிய அவர், வரலாற்றாசிரியர் டேவிட் மெக்கல்லாவின் நூலைப் படித்துவிட்டு, நியூயார்க்கின் புரூக்ளின் பாலத்தைப் பற்றிய தம் முதல் பெரிய படத்தில் இறங்கினார். அது முடிந்தது 1981இல். இடையில் வந்த நிராகரிப்புக் கடிதங்கள் பெரிய கோப்புகளை நிரப்பியதாக அவரே கூறியிருக்கிறார். நியூயார்க்கின் வாடகையைச் சமாளிக்க முடியாமல் 1979இல் நியூ ஹாம்ப்ஷயரின் வால்போல் என்ற சிற்றூருக்குக் குடிபெயர்ந்தார். புகழ் வந்த பின்னும் அங்கிருந்தே வேலை செய்கிறார். சுமார் நான்கு கோடிப் பேர் பார்த்த உள்நாட்டுப் போர்த் தொடருக்கு ஐந்தாண்டுகளுக்கு மேல் பிடித்தது; லின் நோவிக்குடன் சேர்ந்து இயக்கிய வியட்நாம் போர்த் தொடர் 2017இல் வெளிவருவதற்குப் பத்தாண்டுகள் பிடித்தது. நீண்ட திட்டங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வைத்ததும், எழுத்தாளர் ஜெஃப்ரி வார்டு, ஒளிப்பதிவாளர் படி ஸ்குயர்ஸ் போன்றோர் அடங்கிய குழுவைப் பல பத்தாண்டுகள் கலைக்காமல் வைத்திருந்ததும், அரசு நிதியையும் பெருநிறுவன ஆதரவையும் அறக்கட்டளை நல்கைகளையும் கலந்தே வாங்கியதும் அவரைக் காப்பாற்றின. ஜெனரல் மோட்டார்ஸ் இருபத்திரண்டு ஆண்டுகள் ஆதரித்துவிட்டு 2009இல் விலகியபோதும் பணி நிற்காததற்கு இதுவே காரணம். ஒரே கொடையாளரை நம்பியிருப்பவர் அவர் விலகும்போது படத்தையும் இழக்கிறார், சில வேளைகளில் அந்தக் கொடையாளர் விரும்பாத காட்சியையும் முன்கூட்டியே இழந்துவிடுகிறார்.

பெரும்பாலோருக்கு அத்தகைய ஆதரவு கிடைப்பதில்லை. அவர்கள் பிறருடைய படங்களுக்குக் காப்பக ஆய்வு செய்தும், தொலைக்காட்சிக்குத் தொகுப்பு வேலை பார்த்தும், அருங்காட்சியகங்களுக்குக் குறும்படங்கள் செய்து கொடுத்தும், கற்பித்தும் வாழ்கிறார்கள். இவற்றில் காப்பக ஆய்வு வேலையையே முதலில் தேடுமாறு பரிந்துரைக்கிறேன். பிறர் பணத்தில் எந்தக் காப்பகத்தில் என்ன இருக்கிறது என்பதையும், எந்த உரிமையாளர் பேரத்துக்கு இறங்குவார் என்பதையும் கற்றுத் தரும் வேலை வேறில்லை.

படம் முடிந்துவிட்டது என்பதால் அது மக்களைச் சென்றடையும் என்று பொருள் இல்லை. இரண்டாம் உலகப் போரின்போது ஜெர்மானிய ஆக்கிரமிப்பின்கீழ் பிரான்ஸின் கிளெர்மோன்-ஃபெரான் நகரம் வாழ்ந்த விதத்தை மார்செல் ஓஃபுல்ஸ் 1969இல் நான்கு மணி நேரத்துக்கு மேற்பட்ட தொலைக்காட்சிப் படமாகச் செய்தார். பிரெஞ்சு மக்கள் யாவரும் எதிர்த்து நின்றார்கள் என்ற தேசியக் கதையை அது கலைத்துவிட்டதால், பிரெஞ்சு அரசுத் தொலைக்காட்சி அதை ஏற்கவில்லை. 1971இல் பாரிஸ் திரையரங்கில் வெளியாகிப் பெரும் விவாதத்தை எழுப்பிய பின்னும், பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் அது இடம்பெற 1981 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஜெர்மானிய, சுவிஸ் தொலைக்காட்சிகளின் பணத்தில் எடுத்ததால்தான் அது உருவாகவே முடிந்தது. அண்மை வரலாற்றைத் தொடுபவர்களுக்கு வழக்குமன்றமும் பழக்கமாக வேண்டும்: தவறாகத் தண்டிக்கப்பட்ட ஐந்து இளைஞர்களைப் பற்றி பர்ன்ஸ் தம் மகளோடும் மருமகனோடும் சேர்ந்து 2012இல் வெளியிட்ட படத்தின் பயன்படுத்தப்படாத பதிவுகளை நியூயார்க் நகர நிர்வாகம் அழைப்பாணை அனுப்பிக் கேட்டது, மறு ஆண்டு நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது.

கேட்டவரின் நிலையில் இருப்பவர், இரண்டு ஆண்டுக் கல்லூரிக் கட்டணத்தைச் செலவிடுவதைவிடப் படத்தொகுப்பு மென்பொருள் ஒன்றை முறையாகக் கற்று, தொகுப்பாளர் ஒருவரிடம் உதவியாளராகச் சேர்ந்து, அத்தோடு இருபது நிமிடத்துக்கு மிகாத முதல் படத்தைத் தொடங்கலாம். அதற்கு, பெரும்பகுதி மூலப்பொருள் ஒரே நிறுவனத்தின் அல்லது ஒரே குடும்பத்தின் கையில் இருக்கும் பொருளாகத் தேர்ந்தெடுப்பது நல்லது. உரிமையை ஒரே ஒப்பந்தத்தில் எழுத்து மூலம் பெற முடியும் என்பதே காரணம். அந்த ஒப்பந்தத்தில் எல்லா ஊடகங்களையும் காலவரையற்ற உரிமையையும் முதலிலேயே கேட்டுப் பார்க்க வேண்டும். பெயர் தெரியாத இயக்குநரின் இருபது நிமிடப் படத்துக்கு அதைத் தாராளமாகத் தருபவர்கள், அதே படம் விருது பெற்ற பின் கேட்டால் பெரும்பாலும் தருவதில்லை.